பேரேரியும் சிறுமீனும்

நீர்நிலைகளுக்குத் தமிழர் இட்ட பெயர்கள் பல. குளம், வாவி, பொய்கை, தடாகம், இலஞ்சி, கயம், சுனை, மடு, ஏரி என நிகண்டு நூல்கள் தொகுத்துத் தருவன ஒருபுறம். கேணி, துரவு, மோட்டை என நம் நாட்டுப்புறத்தார் வாயில் வழங்குவன மற்றொருபுறம். மாணவருக்கு நிகண்டு கற்பிக்கும்போது இவற்றையெல்லாம் ஒருபொருட் பன்மொழி என்று கூறிக் கடந்துவிடுதல் எளிது. நுணுகி நோக்கின், இவை முற்றும் ஒருபொருளன அல்ல என்பது புலனாகும். சுனை மலையிலே ஊறுவது. மடு ஆற்றின் ஆழ்ந்த இடம். கேணி கல்லாற் கட்டப்படுவது. ஏரி உழவுக்கு நீர் உதவுவது. நீரை அறிந்தவர்களே நீருக்குப் பெயரிட்டார்கள். பெயரின் பின்னே ஓர் அறிவு நிற்கின்றது.

மறுகரை காணாத நன்னீர்ப் பரப்பு ஒன்றுக்கு நம் முன்னோர் தனிப்பெயர் இட்டாரல்லர். அத்தகைய இயற்கைப் பேரேரி நம் தீவில் இல்லை. இங்குள்ள பெருங்குளங்கள் மனிதர் அணைகட்டித் தேக்கியவை. கிழக்கு ஆபிரிக்காவிலே அத்தகையது ஒன்று உண்டு. உலகப் படத்தில் விக்டோரியா ஏரி என்று குறிக்கப்படுவது அது. தன்சானியா, உகண்டா, கென்யா என்னும் மூன்று நாடுகள் அதனைச் சூழ்ந்து கிடக்கின்றன. அதன் பரப்பை அளந்தோர் தருங் கணக்குகள் தம்முட் சிறிது வேறுபடினும், எல்லாம் நம் இலங்கைத் தீவின் பரப்பாகிய 65,610 சதுர கிலோமீற்றரை ஒட்டியே நிற்கின்றன. ஏறக்குறைய ஓர் இலங்கையளவு நன்னீர் என்று கொள்க. மேற்பரப்பைக் கொண்டு பார்த்தால், உலகின் நன்னீர் ஏரிகளுள் வட அமெரிக்காவின் சுப்பீரியருக்கு அடுத்ததாக எண்ணப்படுவது இதுவே.

தமிழ் கற்பிப்பவன் ஆபிரிக்க ஏரியைப் பற்றி எழுதுவானேன் என்று வாசகர் வினவக்கூடும். அறிந்து பெயரிடுதலுக்கும் அறியாது பெயரிடுதலுக்கும் உள்ள வேறுபாடு ஓர் ஏரியை எந்நிலைக்குக் கொண்டுசெல்லும் என்பதற்கு, இவ்வேரியின் வரலாற்றினும் தெளிவான சான்று ஒன்றை நான் படித்ததில்லை. அதுவே காரணம்.

ஏரியின் பிறப்பு

பரப்பிற் பெரியதாயினும் இவ்வேரி ஆழத்திற் பெரியதன்று. மிக ஆழமான இடமும் ஏறத்தாழ 80 மீற்றரே. சராசரி ஆழம் 40 மீற்றர். அயலிலுள்ள தங்கனீக்கா ஏரியோ 1,400 மீற்றருக்கும் மேற்பட்ட ஆழமுடையது. தங்கனீக்கா நிலம் பிளந்த பிளவிலே தேங்கியது. விக்டோரியா இரு பிளவுப் பள்ளத்தாக்குகளுக்கு இடையிலுள்ள மேட்டுநிலத்திலே, கடல் மட்டத்துக்கு ஏறத்தாழ 1,134 மீற்றர் உயரத்தில், தட்டில் வார்த்த நீர்போற் கிடக்கின்றது.

அது பிறந்த முறை விந்தையானது. முற்காலத்தில் அப்பகுதி ஆறுகள் கிழக்கிலிருந்து மேற்கு நோக்கி ஓடின. ஏறத்தாழ நான்கு இலட்சம் ஆண்டுகளுக்கு முன் மேற்குப் பக்கத்து நிலம் மெல்ல மெல்ல உயர்ந்தது. ஓடிய நீர் தடைப்பட்டுப் பின்வாங்கித் தாழ்நிலத்திலே தேங்கியது. கற்றோங்கா முதலிய ஆறுகளின் போக்குத் திரும்பிற்று. ஆறுகள் வழிமாறியதனால் உண்டானது இவ்வேரி என்பது நிலநூலார் துணிபு.

இன்றும் அதன் நீர் பெரும்பாலும் ஆறுகள் கொணர்வதன்று. வந்துசேரும் நீரில் ஐந்தில் நான்கு பங்கு, ஏரியின்மேல் நேரே பொழியும் மழை. இழக்கும் நீரிலும் அவ்வளவு பங்கு ஆவியாய் மேற்செல்வது. வானத்தோடு கொடுக்கல் வாங்கல் செய்து வாழும் ஏரி இது. ஆகவே வானம் பொய்த்தால் ஏரியும் பொய்க்கும். ஏறத்தாழ 15,000 ஆண்டுகளுக்கு முன், நீண்டதொரு வறட்சிக்காலத்தின் பின், இது வறண்டு கிடந்தது என்று அடித்தளச் சேற்றைத் துளைத்தெடுத்து ஆராய்ந்தோர் கூறுகின்றனர். பின்னர் மழை மீண்டது; ஏரி மீண்டும் நிறைந்தது. இச்செய்தியை வாசகர் நினைவில் வைத்துக்கொள்ளல் வேண்டும். மேலே வருவதற்கு இது வேண்டப்படும்.

பெயரிட்டவர்கள்

கரையில் வாழ்ந்த மக்களிடத்தே இவ்வேரிக்குப் பெயர்கள் பல இருந்தன. வடகரையில் வாழும் கண்டா மக்கள் அதனை நலுபாலே என்பர். லுபாலே என்பது அவர்தம் மொழியில் தெய்வத்தைக் குறிக்குஞ் சொல். ஏரிக்கு அதிதெய்வமாகிய முக்காசாவுக்குச் செசே தீவுகளிலே கோயில் இருந்தது. கீழ்க்கரையில் வாழும் லுவோ மக்கள் நாம் லொல்வே என்பர். தென்கரை வணிகர் வாயில் உக்கெரெவே என்ற தீவின் பெயரே ஏரியின் பெயராயும் வழங்கிற்று. நியான்சா என்பது பெருநீர் என்ற பொருளுடைய பொதுச்சொல்.

நைல் நதி எங்கே பிறக்கின்றது என்ற வினா ஐரோப்பியரை நெடுங்காலம் வருத்திற்று. கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் வாழ்ந்த தொலமி, அது தெற்கேயுள்ள இரு ஏரிகளிலிருந்து வருகின்றது என்று கேள்வி வாயிலாக எழுதிவைத்தார். 1154 இல் அல் இத்ரீசி வரைந்த உலகப் படத்திலும் நைலின் தலைப்பில் ஏரிகள் உள்ளன. 1858 ஆம் ஆண்டு ஆகத்து மாதம் 3 ஆம் திகதி ஆங்கிலேயராகிய யோன் ஸ்பீக் தென்கரையிலே முவான்சாவுக்கு அருகில் நின்று ஏரியைக் கண்டார். கண்டது ஒரு மூலை மாத்திரமே. தங்கியது சில நாளே. ஆயினும் நைலின் பிறப்பிடம் இதுவே எனத் துணிந்து, தம் அரசியின் பெயரை அதற்குச் சூட்டிவிட்டார். உடன்வந்து வழியில் நோயுற்றுத் தங்கிய றிச்சட் பேட்டன் இதனை ஏற்கவில்லை. ஸ்பீக் 1862 யூலை 28 இல் வடகரைக்குச் சென்று, நைல் புறப்படும் வீழ்ச்சியை நேரிற் கண்டார். அதற்கு றிப்பன் பிரபுவின் பெயரை இட்டார். அப்பொழுதும் வாதம் ஓயவில்லை. இருவரும் அறிஞர் அவையிலே சந்திக்கவிருந்த நாளுக்கு முதல்நாள், 1864 செத்தெம்பர் 15 இல், ஸ்பீக் தம் துப்பாக்கிக் குண்டுபட்டு இறந்தார். 1875 இல் ஸ்ரான்லி படகிலே ஏரியைச் சுற்றிவந்து, அது ஒரே ஏரி என்று காட்டிய பின்னரே ஐயம் தெளிந்தது.

இவ்வரலாற்றில் ஒருவரை மறத்தல் ஆகாது. ஸ்பீக் ஏரியைக் கண்ட பயணத்தில் அவருக்குத் துணையாய் நின்றவர் சிடி முபாரக் பொம்பே என்பவர். இளமையில் அடிமையாய்ப் பிடிக்கப்பட்டு, குசராத்து வணிகன் ஒருவனுக்கு விற்கப்பட்டு, இந்தியாவிலே வளர்ந்து, விடுதலை பெற்றுத் தாயகம் மீண்ட ஆபிரிக்கர். ஸ்பீக்கும் அவரும் உரையாடியது இந்துஸ்தானி மொழியில். ஆங்கிலேயர் ஒருவரின் கண்டுபிடிப்பு என்று பாடநூல்கள் கூறுவது, அடிமைத்தளையினின்று மீண்ட ஒருவரின் நாவின் வழியாகவே நிகழ்ந்தது. ஏரிக்கு அரசியின் பெயர் கிடைத்தது. வழிகாட்டியின் பெயர் அடிக்குறிப்பாயிற்று.

ஆங்கிலேயர் ஆட்சி பரவிய பின், 1896 இல் மொம்பாசாத் துறைமுகத்தில் தொடங்கிய புகையிரதப் பாதை 1901 இல் ஏரிக்கரையாகிய கிசுமுவை எட்டிற்று. அதனை அமைக்க இந்தியாவிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தொழிலாளர் 30,000 பேருக்கும் மேல். இறந்தோர் ஏறத்தாழ 2,500 பேர். அதே காலத்தில் உகண்டாக் கரையையும் தீவுகளையும் உறக்கநோய் தாக்கி இரண்டு இலட்சம் பேருக்கு மேற்பட்டோரைப் பலிகொண்டது. முக்காசாவின் செசே தீவுகளிலிருந்து மக்கள் வெளியேற்றப்பட்டனர். 1948 இல் காந்தியடிகளின் அஸ்தியில் ஒரு பகுதி நைல் புறப்படும் ஜிஞ்சாவிலே நீரிற் கரைக்கப்பட்டது என்பதும் ஈண்டு நினைக்கத்தக்கது.

கோரைக்காடு

ஏரியின் கரையிலே பெரும்பகுதி சேற்றுநிலம். அங்கே வளர்வது பப்பைரசு என்னுங் கோரை. நம் வயலோரக் கோரைக்கு உறவாயினும் ஆளை மறைக்கும் உயரமுடையது. உச்சியிலே பச்சைக் குஞ்சம் விரித்து நிற்பது. நாம் பனையோலையில் எழுதியதுபோலப் பண்டை எகிப்தியர் எழுதியது இக்கோரைத் தண்டிலிருந்து செய்த தாளிலேதான். ஆங்கிலத்தில் தாளைக் குறிக்கும் பேப்பர் என்ற சொல்லும் இதன் பெயரிலிருந்தே பிறந்தது.

இக்கோரைக்காடு ஏரிக்கு வடிகட்டி. மேட்டுநிலத்திலிருந்து மழைநீரோடு வரும் மண்ணையும் உரச்சத்தையும் இது தடுத்துத் தன்னுள் அடக்கிக்கொள்கின்றது. சிற்றத்துங்கா என்னும் மானினம் இதனுள்ளே வாழ்வது. அதன் குளம்புகள் நீண்டு விரிந்தவை. சேற்றிற் புதையாது நடக்க உதவுபவை. பாதக்குறடு போன்ற பெரும் அலகுடைய நாரையொன்றும் இங்கே உண்டு. மணிக்கணக்கில் அசையாது நின்று, நுரையீரல் மீனை எதிர்பார்த்திருக்கும். அந்த நுரையீரல் மீனோ, நீரில் வாழ்ந்தும் மேலெழுந்து காற்றை உண்பது. நீர் வற்றினாற் சேற்றிலே புதைந்து மழைவரும்வரை உறங்குவது.

நிலவின் வளர்ச்சி தேய்வோடு ஒட்டி, ஏரியின் அடியில் வாழும் புழுக்கள் ஈக்களாய் மாறி ஒரே வேளையில் மேலெழும். தொலைவில் நின்று பார்ப்போர்க்கு நீரின்மேற் புகைத்தூண் எழுவதுபோலத் தோன்றும். கரையோர மக்கள் அவற்றை வாரி, அடையாகத் தட்டி உண்பதும் உண்டு. இரவில் இடியும் மின்னலும் ஏரியின்மேல் மிகுதி. பகலிற் கரைநிலம் சூடேறுவதும் இரவில் ஏரி அதனினும் வெப்பமாயிருப்பதும் காற்றைத் திருப்பி முகிலைக் கூட்டுகின்றன. மீன்பிடிக்கும் நேரமும் இரவே ஆதலின், அப்புயலில் மாண்டோர் பலர்.

ஐந்நூறு குடிகள்

இனி, இக்கட்டுரையின் உயிரான பகுதிக்கு வருகின்றேன்.

இவ்வேரியில் ஒரு விரல் முதல் ஒரு சாண் வரை நீளமுடைய சிறுமீன்கள் எண்ணிறந்தன வாழ்ந்தன. தன்சானியக் கரையார் அவற்றைப் புரு என்றும், லுவோ மக்கள் புலு என்றும், உகண்டாவிலுள்ளோர் இங்கெஜே என்றும் அழைப்பர். சிக்லிட் என்பது அவற்றின் குடும்பப் பெயர். நம் குளங்களில் ஜப்பான் மீன் என வழங்கும் திலாப்பியாவும் அக்குடும்பத்ததே. புருமீன்களில் ஏறத்தாழ 500 இனங்கள் உண்டென்று உயிர்நூலார் கண்டனர். அவற்றுள் மிகப் பெரும்பாலானவை உலகில் வேறெங்கும் இல்லாதவை.

ஏரி வறண்டு கிடந்தது என்று முன்னர்க் கூறினேன். மீண்டும் நீர் நிறைந்த பின், ஏறத்தாழ 15,000 ஆண்டுகளுள், சில மூதாதையரிலிருந்து 500 இனங்கள் கிளைத்தன என்றால், முதுகெலும்புடைய உயிர்களுள் இதனினும் விரைந்த கிளைப்பு வேறு அறியப்படவில்லை. கொங்கோ ஆற்றின் தலைப்பகுதியைச் சார்ந்த ஒரு குலமும் நைலின் தலைப்பகுதியைச் சார்ந்த மற்றொரு குலமும் முற்காலத்திற் கலந்தமையே இத்துணை வேறுபாட்டுக்கு வித்தாயிற்று என்று 2017 இல் வெளிவந்த ஆய்வொன்று காட்டிற்று.

தொழில் வேறுபாடே குடி வேறுபாடாயிற்று. பாறையிற் படிந்த பாசியைச் சுரண்டி உண்பது ஓரினம். நத்தையை ஓட்டோடு நொறுக்குவது ஓரினம். சேற்றைச் சல்லடையிட்டு இரைதேடுவது ஓரினம். பிறமீனின் செதிலைக் கவ்வி வாழ்வது ஓரினம். இம்மீன்களிலே தாய், முட்டைகளைத் தன் வாயினுள் வைத்துக் காப்பாள். குஞ்சு பொரிந்து நீந்தும்வரை அவள் வாயே தொட்டில். அந்தத் தாயின் வாயிலிருந்து முட்டையையும் குஞ்சையும் கக்கச்செய்து உண்டு வாழும் இனமும் உண்டு. அந்தந்தத் தொழிலுக்கேற்ப அந்தந்த இனத்துக்குப் பல்லும் தாடையும் அமைந்திருந்தன.

நிறமும் ஒரு காரணம். ஆண்மீன்கள் செம்மை, நீலம், மஞ்சள் எனப் பலநிறத்தன. பெண்மீன் தன்னினத்து நிறங்கண்டே துணையைத் தேர்வாள். ஒருவகையில், ஆழங்குறைந்த நீரில் நீலநிற ஆணும், அதனினும் ஆழ்ந்த நீரிற் செந்நிற ஆணும் வாழ்கின்றன. நீரினுட் புகும் ஒளியின் நிறம் ஆழத்துக்கு ஆழம் வேறுபடுவதே இதற்கு ஏது. இச்செந்நிற மீனுக்குத் தன்சானியாவின் முதற் குடியரசுத் தலைவர் யூலியசு நியரேரேயின் பெயரைச் சூட்டியுள்ளனர்.

இத்தனை அருமையுடைய மீன்களை ஆட்சியாளரும் மீன்பிடித் துறையினரும் என்னவென்று அழைத்தனர்? குப்பை மீன் என்று அழைத்தனர். எலும்பு மிகுந்தது, சதை குறைந்தது, சந்தையில் விலைபோகாதது என்பது அவர்கள் கணக்கு. கரையில் வாழ்ந்த மக்களுக்கோ அது நாளாந்த உணவு. அந்த ஒரு சொல்லிலே பின்வந்த கேடு முழுவதும் அடங்கியிருந்தது என்பேன்.

வந்த மீன்

கேட்டின் தொடக்கம் வலை. 1905 அளவில் ஐரோப்பியச் செவுள்வலை ஏரிக்கு வந்தது. புகையிரதம் வழியே சந்தையும் பெருகிற்று. மக்கள் விரும்பி உண்ட இங்கெகே என்னும் திலாப்பியா இனம் சில ஆண்டுகளில் அருகத் தொடங்கிற்று. 1927, 1928 ஆம் ஆண்டுகளில் மைக்கேல் கிரகாம் என்பவர் ஏரி முழுவதையும் ஆராய்ந்து அறிக்கை எழுதினார். வலைக்கண் அகன்றதாய் இருத்தல் வேண்டும் என்றார். வேறிடத்துப் பெரிய ஊனுண்ணி மீன் எதனையும் நிறைந்த ஆராய்ச்சியின்றி இவ்வேரியில் விடுவது பேராபத்து என்றும் அப்பொழுதே எச்சரித்தார்.

எச்சரிக்கை ஏட்டில் நின்றது. 1950 களின் நடுப்பகுதியில் உகண்டாக் கரையிலும், பின் 1962, 1963 ஆம் ஆண்டுகளில் வெளிப்படையாகவும், நைல் கொடுவா என்னத்தகும் மீன் ஏரியில் விடப்பட்டது. ஆள்நீளம் வளர்வது, 200 கிலோகிராம் வரை நிறை பெறுவது. விட்டவர்களின் கருத்துத் தீயதன்று. பயனற்ற குப்பை மீனை இது தின்னும். தின்று கொழுத்த இதனை மக்கள் தின்பர் என்பது அவர்கள் எண்ணம். கொக்கைப் பிடிக்க அதன் தலையில் வெண்ணெய் வைத்தவன் கதையை நாம் சிரித்துக்கொண்டு சொல்வோம். இங்கே வெண்ணெய் உருகத்தான் செய்தது. கண்ணிழந்தது கொக்கு மாத்திரமன்று.

இருபது ஆண்டுகள் பெரிய மாற்றம் எதுவும் தோன்றவில்லை. 1980 களின் தொடக்கத்திற் கொடுவா திடீரெனப் பெருகிற்று. அடிநீரில் வாழ்ந்த மீனின் நிறையில் முன்னர் ஏறத்தாழ 80 வீதம் புருமீனாய் இருந்தது. சில ஆண்டுகளுள் ஒரு வீதத்துக்கும் கீழாயிற்று. முவான்சாக் குடாவில் 1977 முதல் ஒல்லாந்து நாட்டு லைடன் பல்கலைக்கழகத்தார் புருமீன்களை ஆராய்ந்துகொண்டிருந்தனர். தாம் பெயரிட்டு முடிப்பதற்கு முன்னரே மீன்கள் மறைவதை அவர்கள் கண்முன் கண்டனர். ஏறத்தாழ 200 இனங்கள் அழிந்திருக்கலாம் என்பது ஆய்வாளர் மதிப்பீடு. சில இனங்கள் இன்று அயல்நாட்டுக் கண்ணாடித் தொட்டிகளில் மாத்திரமே உயிர்வாழ்கின்றன.

நடுநிலை பிறழாது மற்றதையும் கூறல் வேண்டும். கொடுவா பல்லாயிரம் பேருக்குத் தொழில் தந்தது. அதனைத் துண்டமாக்கி ஐரோப்பாவுக்கு அனுப்பும் ஆலைகள் மூன்று நாட்டுக் கரைகளிலும் எழுந்தன. அந்நியச் செலாவணி வந்தது, கல்வீடுகள் எழுந்தன. ஆனால் சதை விமானமேறிப் போயிற்று. முள்ளும் தலையுமே கரையோர ஏழைக்கு எஞ்சின. அவ்வெறும் முள்ளுக்கு வெறுமுதுகு என்ற பொருளில் சுவாகிலி மொழியில் ஒரு பெயரும் பிறந்தது. புருமீனை வெயிலிற் காயவைத்தாற் போதும். கொழுப்பு மிகுந்த கொடுவாவைப் புகையிட்டே பதப்படுத்தல் வேண்டும். விறகுக்காகக் கரைக்காடுகள் குறைந்தன. மண் அரித்து ஏரியில் வீழ்ந்தது.

கொடுவா ஒன்றே குற்றவாளியன்று. வயலின் உரச்சத்தும் நகரின் கழிவும் ஏரியிற் கலந்தமையாற் பாசி பெருகிற்று. பாசியை மேய்ந்த புருமீன்களும் இல்லையாயின. அடிநீரில் உயிர்வளி குன்றிற்று. நீர் கலங்கியமையால் நிறம் மங்கிற்று. நிறம் மங்கவே பெண்மீன் தன்னினத்து ஆணை வேறுபிரித்தறிய இயலாது போயிற்று. இனங்கள் தம்முட் கலந்து வேற்றுமை இழந்தன. 1997 இல் சீகவுசன் என்பாரும் அவர் துணைவரும் இதனை நிறுவினர். கொடுவாயின் வாய்க்குத் தப்பியவை கலங்கல் நீரில் தம் அடையாளத்தை இழந்தன என்பது எத்துணை இரங்கத்தக்கது.

நாமறிந்த செடி

1990 அளவில் ஏரியிலே மற்றொரு விருந்தாளி தோன்றிற்று. தென் அமெரிக்காவிற் பிறந்து, ஊதாப்பூவின் அழகினால் உலகமெங்கும் கொண்டுசெல்லப்பட்ட ஆகாயத்தாமரை அது. மட்டக்களப்புப் பகுதியில் ஆற்றுவாழை என்பர். 1998 அளவில் ஆயிரக்கணக்கான எக்டேயர் பரப்பை அது மூடிற்று. துறைமுகங்கள் அடைபட்டன, தோணிகள் சிறைப்பட்டன. அச்செடியை மாத்திரம் உண்ணும் கூன்வண்டுகளைக் கொணர்ந்து விட்டனர். வண்டும் காலநிலையும் சேர்ந்து அதனை அடக்கின. ஆயினும் கென்யக் குடாவில் அது மீண்டும் மீண்டும் தலைதூக்குகின்றது. இலங்கைக்கு இச்செடி இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே வந்துவிட்டது. 1909 இலேயே அதனை ஒழிக்கச் சட்டம் இயற்றப்பட்டது. சட்டம் இருக்கின்றது, செடியும் இருக்கின்றது.

அவ்வாறாயின் அயலிலிருந்து வருவன எல்லாம் தீயனவோ? அல்ல. ஜப்பான் மீன் என்று நாம் அழைக்கும் திலாப்பியா 1952 இல் ஆபிரிக்க இனமாக நம் குளங்களுக்கு வந்தது. ஜப்பானுக்கும் அதற்கும் யாதொரு தொடர்புமில்லை. நம் நன்னீர் மீன்கள் பெரும்பாலும் ஆற்றுமீன்கள். தேங்கிய குளத்தின் பரந்த நீரிலே வெற்றிடம் மிகுதியாய் இருந்தது. வந்த மீன் அதனை நிரப்பிற்று. உள்நாட்டு ஏழைகளின் கலத்தில் மீன் வந்தது. செயல் ஒன்றே, இடம் வேறாயினமையாற் பயன் வேறாயிற்று. ஆழமறியாமற் காலை விடாதே என்ற முதுமொழிக்கு இதனினும் நல்ல உரை வேண்டுமோ?

எஞ்சியவை

ஏரி இறந்துவிடவில்லை. கொடுவாவை மிகுதியாகப் பிடித்தமையால் அதன் தொகை குறையவே, 1990 களிலிருந்து புருமீன்களில் ஒருசில இனங்கள் மீண்டும் பெருகின. மீண்டவை பழைய வடிவில் மீளவில்லை. உயிர்வளி குன்றிய நீருக்கேற்ப அவற்றுட் சிலவற்றின் செவுட்பரப்பு அகன்றுள்ளது. பாறைகளின் இடுக்கில் வாழ்ந்தனவும் அயலிலுள்ள சிற்றேரிகளில் வாழ்ந்தனவும் ஓரளவு தப்பின. இன்று நிறையால் மிகுதியாகப் பிடிக்கப்படுவது கொடுவா அன்று. நம் நெத்தலி போன்ற ஒரு சிறுமீன். தன்சானியாவில் டகா, கென்யாவில் ஒமேனா, உகண்டாவில் முக்கேனே எனப்படுவது. இரவில் விளக்குக் காட்டிப் பிடித்து, பகலிற் கரைமணலிற் காயவைக்கின்றனர். பெருமீன் ஆண்ட ஏரியில் மக்களுக்கு மீண்டுஞ் சோறு போடுவது சிறுமீனே.

துன்பங்களும் தொடர்கின்றன. 1996 மே 21 இல் புக்கோபா என்ற கப்பல் முவான்சாவுக்கு அருகில் மூழ்கி எண்ணூறு பேருக்கு மேல் இறந்தனர். 2018 செத்தெம்பரில் நியரேரே என்ற படகு கவிழ்ந்து 220 பேருக்கு மேல் மாண்டனர். 2006 அளவில் நீர்மட்டம் வெகுவாகத் தாழ்ந்தது. மழைக்குறையோடு, மின்னாலைக்காக அளவின் மிக்க நீரைத் திறந்தமையும் அதற்குக் காரணம். 2020 மே மாதத்திலோ, 1964 இன் உயர்மட்டத்தையும் கடந்து ஏரி பெருகிக் கரையூர்களை விழுங்கிற்று.

ஸ்பீக் பெயரிட்ட றிப்பன் வீழ்ச்சி இன்று இல்லை. 1954 இல் திறக்கப்பட்ட ஓவன் வீழ்ச்சி அணையின் நீரிலே அது மூழ்கிவிட்டது. அவ்வணையின் மின்னாலைக்கு இப்பொழுது உகண்டா மக்கள் வழங்கும் பெயர் நலுபாலே. பழைய பெயர் மீண்டுவிட்டது. பழைய மீன்கள் அவ்வாறு மீளா.

குப்பை மீன் என்பதற்குப் பதிலாக அந்த ஐந்நூறுக்கும் கரைமக்கள் வழங்கிய பெயர்களைக் கேட்டு, அவை எதை உண்கின்றன, எங்கே முட்டையிடுகின்றன என்று முதலில் எழுதிவைத்திருந்தால், கொடுவாவை விடுமுன் ஒருவராவது தயங்கியிருப்பர். பயனற்றது என்று ஒன்றைத் தள்ளுபவன் தன் அறியாமையையே பெரும்பாலும் அளந்து காட்டுகின்றான். இது மீனுக்கு மாத்திரம் உரியதன்று. வழக்கொழிந்த சொல் என்று அகராதியிலிருந்து நீக்க முற்படுவோர்க்கும் இதையே சொல்வேன்.

ஆசிரியர்களுக்கும் மாணவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். தத்தம் ஊர்க் குளத்துக்குச் செல்லுங்கள். வலைவீசும் முதியவரைக் கேளுங்கள். விரால், கெளிறு, ஆரால், பனையேறிக் கெண்டை என்று தொடங்கி அவர் சொல்லும் மீன்கள் எத்தனை, அவற்றுள் அவர் இளமையிற் கண்டு இன்று காணாதவை எத்தனை, கரையில் நிற்கும் பூண்டுகளின் பெயர்கள் யாவை என்று ஒரு கொப்பியில் எழுதுங்கள். குளத்தை ஆழமாக்கவும் அழகாக்கவும் அதில் எதையாவது விடவும் பின்னர் எண்ணலாம். முதலில் பெயர்களை எழுதிக்கொள்ளுங்கள்.